ஒன்பதாம் கட்டம்

படிவத்தில் ஒன்பதாம் கட்டம்:
திசை அறியும் கருவிகள்.
பேனாவை வாங்கினாள், யோசித்தாள்,
என்னிடமே திருப்பித் தந்தாள்.

ஜெரெஜாக் தீவுக்கு இந்தப் பக்கம்
நங்கூரம் போட்டிருந்தது இரட்டை உடற்கலம்.
முழுக்கக் கயிற்றுக் கட்டு,
நண்டுக்கொடுக்குப் போலப் பாய்.
விடிகாலையில் என் ரேடார் அதை
மீன்பிடிப் படகாகக்கூட மதிக்கவில்லை.
சட்டத்துக்காக ஒரு சின்னப் பெட்டி வைத்திருந்தார்கள்,
தாங்கள் எங்கே என்று ஊருக்குச் சொல்ல.
தங்களுக்குச் சொல்ல அல்ல.

பெயர் தெயூரா. ஊர் ரையாத்தேயா.
ஆக்லாந்தில் பதினோரு வருஷம் டயாலிசிஸ் தாதி.
முப்பத்து நான்கு வயதில்
கார் நிறுத்துமிடத்தில் கற்களை வட்டமாக அடுக்கி
எந்த வெள்ளி எந்தக் கல்லில் எழும்,
எதில் விழும் என்று
பரீட்சைக்காரி போல உருப்போட்டாளாம்,
இரவு வேலை முடிந்த கண்ணோடு.

ஸாலேஹா தன் கண்ணைத் தொட்டு, மாத்தா என்றாள்.
தெயூராவும் தன் கண்ணைத் தொட்டு, மாத்தா.
வானம் வழியில் கொஞ்சம் தேய்ந்திருந்தது:
லாங்கிட், ராயி.
மீனுக்குத் தலை மட்டும் மிச்சம்:
ஈக்கான், ஈஆ.
இரண்டு பேரும் மேசையைத் தட்டித் தட்டிச் சிரித்தார்கள்.
சொந்தக்காரர் கல்யாணத்தில்
பக்கத்து வீட்டுக்காரியாக நான்.
எங்கள் பேச்சில் மீன் இரண்டு என்றேன்,
கடலில் ஒன்று, வானத்தில் ஒன்று.
அவள் சிரிப்பதை நிறுத்திவிட்டாள்.
இன்னொரு தடவை சொல் என்றாள்.

செயற்கைக்கோள் மலிவாச்சே, ஏன் இந்தப் பாடு?
அலுவலகக் கேள்விதான், வாய் தவறி வந்தது.

எங்கள் பள்ளிப் புத்தகத்தில், என்றாள்,
எங்களைப் பற்றி ஒரே வரி:
காற்றில் அடித்துவரப்பட்டார்கள்.
தேங்காய் மாதிரி.
அதை 'வந்தார்கள்' என்று திருத்த
எத்தனை ஆயிரம் மைல் ஓட்டவேண்டியிருக்கிறது, பார்.

என் புத்தகத்திலும் ஒரு வரி உண்டு.
தோட்டங்களுக்குக் கொண்டுவரப்பட்டனர்.
கோடிட்ட இடத்தை நிரப்பி
இரண்டு மதிப்பெண் வாங்கியிருக்கிறேன்.
ஜன்னலில், அவள் கலத்துக்குப் பின்னால், அதே தீவு:
கப்பலிலிருந்து இறக்கி, மருந்து தெளித்து,
காய்ச்சலா என்று நாள் எண்ணி வைத்திருந்த இடம்.
அந்தக் கப்பல் தளத்தில் ஒரு ராத்திரி
யாராவது ஒருத்தி மல்லாந்து கிடந்து
இந்த வெள்ளி நம் கொல்லையில் எங்கே நிற்கும் என்று
கழுத்து வலிக்கத் தேடியிருக்க மாட்டாளா?
பட்டியலில் அதற்குக் கட்டம் இல்லை.

உங்கள் நீரிணை ஊமை, என்றாள் தெயூரா.
மூன்று இரவு பலகையில் முதுகை வைத்துக் கேட்டாளாம்.
பேரலையை சுமத்திரா மறித்துவிட்டது.
மேலே புகைமூட்டம். சுற்றிலும்
கண்டெய்னர் கப்பல்களின் விளக்குத் தெரு.
பிறகு எப்படி?
கையை நீட்டினாள். வடக்கே, அடிவானத்தில்
மூன்று விரலைப் படுக்கவைத்தாள்.
துருவ வெள்ளி இவ்வளவு உயரம் என்றால் பினாங்கு.
நான்கு நிமிஷம் புகை விலகியது. போதும்.

இல்லை என்று எழுதினால் அனுமதி கிடைக்காது.
எழுதித் தொலை லா, சோறு ஆறுது, என்றாள் ஸாலேஹா.
எழுதினேன்:
கண், இரண்டு.
விரல், மூன்று.
முதுகு, ஒன்று (இந்த நீரிணையில் பயன்படாது).
மேலதிகாரி கையெழுத்துப் போட்டார்.
படித்திருக்கமாட்டார்.

தஞ்சோங் தோக்கோங்கில் எங்கள் பிளாட்
பதினான்காம் மாடி, வடக்குப் பார்த்தது.
துணி எடுக்கப் போனவள்
கொடியை விட்டுவிட்டுக் கையை நீட்டினேன்.
மூன்று விரலுக்கு மேலே
சாம்பல்தான் இருந்தது.
தோள் கடுத்தது.
இன்னும் கொஞ்சநேரம் வைத்திருந்தேன்.